கூலி எங்கே பேசப்படுகிறது? கவனிப்பு ஆவணப்படத்துக்கு நான்கு வழிகள்

ஆலை, அரசு அலுவலகம், சந்தை, குடியிருப்பு என்று ஓர் இடத்தை எடுத்துக்கொண்டு, கேள்வி கேட்காமல், பின்னணிக் குரல் சேர்க்காமல், நடப்பதை மட்டும் காட்டிக் கவனிப்பு ஆவணப்படம் எடுப்பது என்று தீர்மானிக்கிறவர்கள் அடுத்ததாக நேரே கேமரா விலைப்பட்டியலைப் பார்க்கப் போய்விடுகிறார்கள். அதற்கு முன்னால் தீர்க்கவேண்டிய கேள்வி ஒன்று இருக்கிறது. யார் யாருக்கு எவ்வளவு, எந்த நிபந்தனையில் கொடுக்கிறார் என்பது அந்த இடத்தில் கண்ணுக்கும் காதுக்கும் எட்டும்படி நடக்கிறதா?

வியர்வையைப் படமெடுத்துவிடலாம். வட்டி விகிதத்தைப் படமெடுக்க முடியாது. சமூக, பொருளாதார விஷயங்களைத் தொடும் கவனிப்புப் படங்களில் பெரும்பாலானவை தோற்பது இந்த இடத்தில்தான். உழைப்பு திரையில் இருக்கும், உறவு இருக்காது. பார்ப்பவர் பரிதாபப்பட்டுவிட்டு எழுந்துபோவார்.

ஆகவே முதல் வேலை, கேமரா இல்லாமல் ஒரு நோட்டுப் புத்தகத்தோடு அந்த இடத்தில் போய் உட்காருவது. மூன்று முழு நாட்களாவது வேண்டும். மணி, யார் யாரிடம் பேசினார், எதைப் பற்றி, அந்தப் பேச்சில் ஏதாவது முடிவானதா என்று நான்கு பத்தியாக எழுதிக்கொள்ளுங்கள். நாள் தேர்வு முக்கியம். ஆட்சியர் அலுவலகம் என்றால் மக்கள் குறைதீர் நாளான திங்கட்கிழமை. வாரக் கூலி தரும் தையல் பட்டறை என்றால் சம்பளம் தரும் சனிக்கிழமை. மூன்று நாள் கழித்து நான்காவது பத்தியைப் பாருங்கள். அது நிறைந்திருந்தால் ஒரு வழி, காலியாக இருந்தால் வேறு வழி. கீழே சொல்லப்போகும் நான்கும் அந்தப் பத்தியை வைத்துத்தான் பிரிகின்றன.

மேசைக்கு இருபுறமும்: வைஸ்மன் வழி

ஃபிரெடரிக் வைஸ்மன் சட்டம் படித்தவர். 1967-இல் தொடங்கி மனநோய்க் குற்றவாளிகள் மருத்துவமனை, பள்ளி, நீதிமன்றம், நகராட்சி என்று அமெரிக்க நிறுவனங்களை ஒவ்வொன்றாகப் படமாக்கினார். பேட்டி இல்லை, விவரணை இல்லை, சேர்த்த இசை இல்லை. 1975-இல் வந்த அவருடைய ‘வெல்ஃபேர்’ நியூயார்க்கின் ஒரு நலத்திட்ட அலுவலகத்துக்குள்ளேயே நடக்கிறது. உதவித்தொகை கேட்டு வந்தவரை இங்கிருந்து அங்கே போகச் சொல்கிறார்கள், அங்கே போனால் முதலில் அங்கிருந்து கடிதம் வாங்கி வா என்று இங்கேயே திருப்புகிறார்கள். வறுமை என்றால் என்ன என்று யாரும் விளக்குவதில்லை. தேவையும் இல்லை, ஏனென்றால் பணம் தருவதா மறுப்பதா என்பது அந்த மேசையில், பேச்சாகவே நடக்கிறது. நம் நோட்டுப் புத்தகத்தின் நான்காவது பத்தி நிரம்பி வழியும் இடம் இது.

ஆட்கள் மூன்று பேர் போதும். ஒளிப்பதிவாளர் ஒருவர், உதவியாளர் ஒருவர். இயக்குநர் கேமராவைத் தொடுவதில்லை, ஒலிப்பதிவு அவர் கையில். இதை விசித்திரப் பழக்கம் என்று ஒதுக்கிவிடாதீர்கள், இந்த வழியின் அச்சாணியே அதுதான். இங்கே காட்சி பேச்சால் ஆனது. எந்தப் பேச்சு சூடேறுகிறது என்பது ஹெட்போன் மாட்டியவருக்குத்தான் முதலில் தெரியும். அவர் மைக்கைத் திருப்பும் பக்கம் கேமரா திரும்பவேண்டும். இயக்குநர் மானிட்டரைப் பார்த்துக்கொண்டு மூலையில் உட்கார்ந்தால் அழகான முகங்கள் கிடைக்கும், வாக்குவாதம் நழுவிவிடும்.

ஒற்றைக் கேமராவில் எல்லோரும் செய்யும் தவறு, பேசுகிறவரை விரட்டுவது. ஒருவர் பேச ஆரம்பித்த பிறகுதான் கேமரா அவரிடம் போகிறது, போய்ச் சேர்ந்ததும் அடுத்தவர் பேச ஆரம்பித்துவிடுகிறார். எடிட்டிங்கில் பார்த்தால் பாதி ஃபுட்டேஜ் இடமும் வலமும் ஆடிக்கொண்டிருக்கும். கேட்கிறவர் முகத்தில் நிறுத்துங்கள். குரல் எப்படியும் பதிவாகிறது. கேட்கும் முகமும், கோப்பைப் புரட்டும் கையும், பின்னால் வரிசையில் நிற்பவர்களும் இல்லாவிட்டால் நாற்பது நிமிட வாக்குவாதத்தை ஏழு நிமிடமாகச் சுருக்கவே முடியாது, ஏனென்றால் எங்கே வெட்டினாலும் உதடு குதிக்கும். ஒவ்வொரு காட்சிக்கும் இப்படிப்பட்ட ஷாட்டுகள் எட்டு, பத்தாவது, ஒவ்வொன்றும் பத்து விநாடிக்குக் குறையாமல் வேண்டும். கூடவே வாசல், தாழ்வாரம், அறிவிப்புப் பலகை, பூட்டப்படும் கதவு. இவை அழகுக்காக எடுப்பவை அல்ல. ஒரு காட்சியிலிருந்து அடுத்ததற்குப் போக விவரணை கிடையாது என்பதால் அந்த வேலையை இவைதான் செய்யவேண்டும்.

படப்பிடிப்பு சில வாரங்களில் முடிந்துவிடும். கலிபோர்னியாவின் பெர்க்லி பல்கலைக்கழகம் பற்றிய படத்துக்கு வைஸ்மன் 12 வாரத்தில் சுமார் 250 மணி நேரம் எடுத்து நான்கு மணி நேரமாக்கினார். அறுபதுக்கு ஒன்று. காலமெல்லாம் எடிட்டிங்கில்தான் போகிறது, ஏறக்குறைய ஒரு வருடம். எல்லா ஃபுட்டேஜையும் பார்த்துப் பாதிக்குப் பாதியை ஒதுக்குவது முதல் படி. மிஞ்சிய காட்சிகளை, படத்தில் எங்கே வரும் என்று யோசிக்காமல், தனித்தனியாக முழுமையாக்குவது இரண்டாவது. வரிசை கடைசியில்தான். இதைத் தலைகீழாகச் செய்து, முதலிலேயே அட்டவணை போட்டுக் காட்சிகளை அதற்குள் அடைப்பவர்களுக்குப் பிரசாரப் படம்தான் கிடைக்கும்.

இந்த வழியின் குறை வெளிப்படையானது. மேசைக்குப் பின்னால் நிற்கிறவர்கள் மாலை ஐந்து மணிக்கு மேல் எங்கே போகிறார்கள் என்று படத்துக்குத் தெரியாது. நிறுவனத்தின் நான்கு சுவர்தான் படத்தின் எல்லை.

நாட்கணக்கு இல்லாத வழி: வாங் பிங்

சீனாவின் ஷென்யாங் நகரில் தியெக்ஸி தொழிற்பேட்டையின் அரசு ஆலைகள் ஒவ்வொன்றாக மூடப்பட்டுக்கொண்டிருந்த காலத்தில், 1999 முதல் ஒரு சிறிய டிஜிட்டல் வீடியோ கேமராவோடு உள்ளே நடமாடியவர் வாங் பிங். ஓய்வறையில் சீட்டாடும் தொழிலாளிகள், குளியலறை, ரயில் தண்டவாளம், காலிசெய்யப்படும் குடியிருப்பு. அதிலிருந்து வந்த படம் மூன்று பாகம், ஒன்பது மணி நேரத்துக்கும் மேல். திவால் என்பது ஒரு நாளில் நடப்பதில்லை. சம்பளம் தாமதமாகிறது, உலை அணைகிறது, ஆட்கள் குறைகிறார்கள். அதைக் காட்டக் காலம்தான் ஒரே கருவி. இரண்டு வாரம் போய் எடுத்திருந்தால் துருப்பிடித்த இரும்புதான் கிடைத்திருக்கும்.

பிற்பாடு அவர் ‘யூத்’ வரிசைக்காக 2014 முதல் 2019 வரை ஜீலி என்ற ஊரின் ஆயத்த ஆடைப் பட்டறைகளில் எடுத்தார். பெரும்பாலும் அன்ஹுய் மாகாணத்திலிருந்து வந்த இளைஞர்கள், பட்டறைக்கு மேல்மாடியிலேயே தங்குகிறவர்கள். அந்தப் படத்தில் ஒரு காட்சியைக் கவனித்துப் பார்க்கவேண்டும். ஒரு உருப்படிக்கு இவ்வளவு என்ற தையல் கூலியை உயர்த்தக் கேட்டுத் தொழிலாளிகள் முதலாளியைச் சுற்றி நிற்கிறார்கள். எவரும் முழக்கமிடவில்லை. ஒருவர் தொகை சொல்கிறார், முதலாளி மறுக்கிறார், இன்னொருவர் சிரிக்கிறார், பேச்சு அறுந்துபோகிறது, மறுபடி தொடங்குகிறது. வைஸ்மன் தேடும் அதே மேசைதான் இது. ஆனால் இது பருவத்துக்குச் சில முறைதான் நடக்கும், எப்போது என்று யாரும் முன்கூட்டிச் சொல்லமாட்டார்கள். அதற்காகத்தான் அங்கேயே கிடக்கவேண்டியிருக்கிறது. நான்காவது பத்தி மூன்று நாளில் காலியாகவும், மூன்று மாதத்தில் நிறைந்தும் இருக்கும் இடங்களுக்கு இந்த வழி.

கருவி எளிது, விலை வேறெங்கோ இருக்கிறது. நொடிக்கு 100 மெகாபிட் பதிவு என்றால் மணிக்கு 45 ஜிபி. 250 மணி நேரத்துக்கு 11 டிபிக்கு மேல், பிரதியோடு 22. ‘யூத்’ வரிசைக்கு எடுத்தது சுமார் 2,600 மணி நேரம். அதே கணக்கில் போனால் ஒற்றைப் பிரதிக்கே 117 டிபி. 50 மெகாபிட்டில் எடுத்தால் பாதியாகும், பட்டறைக் குழல்விளக்கில் வித்தியாசம் பெரிதாகத் தெரியவும் தெரியாது. ஹார்டு டிஸ்க் செலவை மறந்து திட்டம் போடுகிறவர்கள் ஆறாவது மாதம் பழைய கார்டுகளை அழித்துவிட்டுத் திரும்ப எடுக்க ஆரம்பிக்கிறார்கள். அழித்ததில்தான் காட்சி இருக்கும்.

அடுத்த செலவு எழுத்துப் பெயர்ப்பு. பலர் ஒரே நேரத்தில் பேசும் ஒரு மணி நேரத்தை எழுதி எடுக்க நான்கு மணி நேரமாவது ஆகும். திருப்பூரிலோ கோவையிலோ ஒடியாவும் வங்காளமும் போஜ்புரியும் பேசும் பட்டறைக்குள் எடுக்கிறீர்கள் என்றால், என்ன பேசப்படுகிறது என்று பதிவாகும்போது உங்களுக்கே தெரியாது. மொழி தெரிந்த ஒருவர் கூட நின்றாகவேண்டும். கூலிப் பேச்சு நடக்கும்போது கேமரா ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்த கதை எல்லா ஊரிலும் உண்டு.

தனி ஆளாகப் போனால் ஒலி அடிவாங்கும். தையல் மிஷின் ஓடும் அறையில் கேமராவின் சொந்த மைக் ஒரு மீட்டருக்குள் வரும் பேச்சைத்தான் பிடிக்கும். அதனால் கேமரா ஆளின் தோளுக்குப் பக்கத்தில் நிற்கவேண்டும், அகன்ற லென்ஸ் வேண்டும். தூரத்திலிருந்து ஜூம் போட்டு எடுத்த முகம் பேசினால் மிஷின்தான் கேட்கும்.

அசையாத சட்டகம்: கெய்ர்ஹால்டர் வழி

ஆஸ்திரியரான நிகோலஸ் கெய்ர்ஹால்டர் 2005-இல் வெளியிட்ட ‘அவர் டெய்லி பிரெட்’ ஐரோப்பிய உணவுத் தொழிலைப் பற்றியது. முக்காலியில் நின்ற கேமரா, அகன்ற சமச்சீரான சட்டகம், கோழிக்குஞ்சுகள் கன்வேயரில் ஓடுகின்றன, கண்ணாடி வீடுகளில் காய்கறி வளர்கிறது, தொழிலாளி தனியாக உட்கார்ந்து சாப்பிடுகிறார். எந்த நிறுவனம், எந்த ஊர் என்றுகூடப் படம் சொல்வதில்லை.

ஒருவரும் பேசாத இடங்களுக்கு இது பொருந்தும். ஒரு பொருள் எத்தனை கை மாறுகிறது, எந்தக் கட்டத்தில் மனிதர் மிஷினின் உறுப்பாகிறார் என்று காட்ட இதைவிடக் கூர்மையான முறை இல்லை. முழுச் சட்டக (ஃபுல் ஃபிரேம்) கேமராவில் 18 முதல் 24 மிமீ லென்ஸ், நீர்மட்டம் சரிபார்த்த முக்காலி, ஒவ்வொரு ஷாட்டும் ஒரு நிமிடத்துக்குக் குறையாமல். வேலையின் ஒரு சுற்று தொடங்கி முடியும்வரை நிறுத்தக்கூடாது. ஸ்டீரியோ ஒலியைத் தனியாக ஐந்து நிமிடம் பதிவு செய்துகொள்ளுங்கள்.

ஆனால் கூலி விஷயத்துக்கு இது மிக மோசமான தேர்வு என்பது நம் கருத்து. எடுத்த படத்தை ஆலை முதலாளியே வரவேற்பறையில் ஓட்டிக்காட்டலாம், அவ்வளவு ஒழுங்காக இருக்கும். அனுமதி எளிதாகக் கிடைப்பதும் அதனால்தான்.

சூரத்தின் துணிச் சாயப் பட்டறை ஒன்றில் ராகுல் ஜெயின் எடுத்த ‘மெஷின்ஸ்’ (2016) இந்தச் சிக்கலை உணர்ந்த படம். நீராவிக்கும் சாயத்துக்கும் நடுவே மெல்ல நகரும் நீண்ட ஷாட்டுகள் ஒரு பக்கம். பன்னிரண்டு மணி நேர ஷிஃப்ட் பற்றித் தொழிலாளிகளும், தன் நியாயத்தைப் பற்றி முதலாளியும் நேராகப் பேசுவது மறுபக்கம். முடிவை நெருங்கும்போது வெளியே கூடிய தொழிலாளர்கள் கேமராவைப் பார்த்தே, வந்து கேட்டுவிட்டுப் போவீர்கள், எங்களுக்கு என்ன செய்வீர்கள் என்கிற தொனியில் கேட்கிறார்கள். தூய கவனிப்பு என்ற பெயரில் அதை வெட்டி எறிந்திருந்தால் படம் பொய்யாகியிருக்கும்.

கேட்டுத்தான் ஆகவேண்டும் என்னும்போது

கூலி வங்கிக் கணக்குக்குப் போகிறது, கடன் ஊரில் வாங்கியது, ஒப்பந்தம் வேறு நகரத்து அலுவலகத்தில் கையெழுத்தானது. நோட்டுப் புத்தகத்தின் நான்காவது பத்தி மூன்று மாதம் உட்கார்ந்தாலும் நிறையாது. இங்கே கவனிப்பில் பிடிவாதம் பிடிப்பது அழகியல் வீம்பு.

கென்டக்கி மாநிலத்தின் ஹார்லன் மாவட்டத்தில் 1973-இல் புரூக்சைடு நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தபோது பார்பரா கோப்பிள் அவர்களோடு தங்கிப் படமெடுத்தார். மறியலில் நிற்கும் பெண்கள், விடியலில் துப்பாக்கிச் சூடு என்று நேரடிக் காட்சிகள் நிறைய. ஆனால் அதே மாவட்டத்தின் சுரங்கப் போராட்டங்களில் 1930-களில் நடந்த ரத்தக்களரி தெரியாமல் இந்த வேலைநிறுத்தம் புரியாது. அதற்கு முதியவர்களின் பேச்சும் பழைய படச்சுருளும் தேவைப்பட்டன. கம்பெனி ஆள் ஒருவர் கோப்பிளிடம் அடையாள அட்டை கேட்பதும், அவர் பதிலுக்கு உங்களுடையதைக் காட்டுங்கள் என்பதும் படத்திலேயே இருக்கின்றன. கேமரா அங்கே யார் பக்கம் என்பதில் ஒளிவுமறைவு கிடையாது. 1976-இல் வந்த இந்தப் படத்துக்கு ஆஸ்கர் கிடைத்தது.

தமிழில் ஆர்.பி. அமுதனின் ‘பீ’ (2003) இன்னும் சிக்கனமானது. மதுரையில் மலம் அள்ளும் ஒரு பெண் தொழிலாளியோடு கேமரா நடக்கிறது, கேட்கிறது, அவர் வேலையை நிறுத்தாமல் பதில் சொல்கிறார். அரை மணிக்கும் குறைவு. மூன்று பேர் குழுவும் ஒரு வருட எடிட்டிங்கும் கட்டுப்படியாகாதவர்கள் முதலில் பார்க்கவேண்டிய முறை இது. வேலை செய்யும் கையைத் திரையில் வைத்துக்கொண்டே கேள்வி கேட்கலாம், நாற்காலி போட்டு உட்காரவைக்கத் தேவையில்லை.

ஒரு எச்சரிக்கை. முழுப் படத்தையும் கவனிப்பாக எடுத்து, எடிட்டிங்கில் புரியவில்லை என்றதும் கடைசியில் போய் இரண்டு பேட்டி எடுத்து நடுவில் சொருகாதீர்கள். ஒட்டுப் போட்டது முதல் விநாடியிலேயே தெரியும். தகவல் மட்டும் குறைகிறது என்றால் திரையில் ஒரு வரி எழுத்து போதும். வாங் பிங் ‘யூத்’ வரிசையில் பெயர், வயது, பட்டறை இருக்கும் தெரு ஆகியவற்றை அப்படித்தான் தருகிறார்.

அனுமதி, விளக்கு, பாட்டு

வைஸ்மனின் முதல் படமான ‘டிடிகட் ஃபாலிஸ்’ மாசசூசெட்ஸ் மருத்துவமனை நிர்வாகத்தின் அனுமதியோடு எடுக்கப்பட்டது. இருந்தும் உள்ளே இருந்தவர்களின் அந்தரங்கம் மீறப்பட்டது என்று மாநில அரசு வழக்குப் போட, பொதுத் திரையிடலுக்கான தடை 1991 வரை நீடித்தது. நிறுவனத்தின் அனுமதி வேறு, மனிதர்களின் சம்மதம் வேறு. இரண்டும் தனித்தனியாக வேண்டும். நிறுவனத்திடம் எழுத்தில் வாங்குங்கள்: எந்தெந்த அறை, எத்தனை நாள், இறுதி வடிவத்தில் யாருக்கு உரிமை. வெளியிடும் முன் போட்டுக்காட்டுகிறோம் என்று சொல்லலாம், ஒப்புதல் பெறுகிறோம் என்று எழுதிக்கொடுக்கக்கூடாது. மனிதர்களிடம் காகிதத்தை நீட்டினால் பட்டறையில் பாதிப் பேர் பயந்து ஒதுங்குவார்கள். கேமராவிலேயே, எதற்காக, எங்கே காட்டப்போகிறோம் என்று சொல்லி அவர்கள் பதிலோடு பதிவு செய்துகொள்வது மேல். கூலிப் பேச்சுக் காட்சியில் இருக்கிறவருக்குப் படம் வெளியானபின் வேலை போகலாம். சம்மதம் படப்பிடிப்பன்று மட்டும் அல்ல, எடிட் முடிந்தபிறகும் ஒருமுறை கேட்கவேண்டிய விஷயம்.

நம் ஊர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். நொடிக்கு 25 ஃபிரேம், ஷட்டர் 1/50 வைத்தால் குழல்விளக்கு துடிக்காது. 24 ஃபிரேம்தான் வேண்டும் என்றால் ஷட்டர் கோணம் 172.8. மலிவான எல்இடி விளக்குகள் இதற்கும் அடங்காமல் பட்டை பட்டையாக ஓடும், முதல் நாளே சோதித்துப் பாருங்கள். மின்விசிறியை நிறுத்தச் சொல்லாதீர்கள். ஐந்து நிமிடத்தில் எல்லோரும் வேர்த்து, நடிப்பவர்கள்போல் உட்கார்ந்திருப்பார்கள். ஒலிப்பதிவில் 80 ஹெர்ட்ஸுக்குக் கீழே உள்ள இரைச்சலை வெட்டிவிட்டு மைக்கை அரை மீட்டருக்குக் கொண்டுபோங்கள். கான்கிரீட் அறையில் நீளமான ஷாட்கன் மைக் எதிரொலியை அள்ளும், நேர் எதிரே வரும் ஒலியை அதிகம் பிடிக்கும் குட்டையான ஹைப்பர்கார்டியாய்டு மைக் நல்லது.

பண்பலைப் பாட்டு ஓடாத பட்டறை தமிழ்நாட்டில் இல்லை. பின்னணியில் பாட்டு ஓடும்போது எடுத்த பேச்சை எங்கே வெட்டினாலும் பல்லவி குதிக்கும், போதாததற்கு உரிமைக் கட்டணமும் கேட்பார்கள். நிறுத்தச் சொன்னால் அறையின் இயல்பு போய்விடும். பாட்டு முடிந்து விளம்பரமோ பேச்சோ வரும் இடைவெளியில் நடப்பதை முன்னுரிமை கொடுத்து எடுப்பதும், பாட்டோடு சேர்ந்த காட்சிகளை வெட்டாமல் ஒரே ஷாட்டாகப் பயன்படுத்தும்படி பிடிப்பதும்தான் வழி. ஷாட் ஒன்றானாலும் உரிமைக் கணக்கு தீராது, அந்தக் காட்சிகளைக் குறைவாக வைத்துக்கொள்ளுங்கள்.

எதைத் தேர்ந்தாலும் பெரிய செலவுக்கு முன் ஒரு சோதனை நாள் ஒதுக்குங்கள். நான்கு மணி நேரம் எடுங்கள், அதிலிருந்து ஆறு நிமிடக் காட்சி ஒன்றை வெட்டுங்கள். அந்த இடத்தைப் பற்றி எதுவும் தெரியாத ஒருவரிடம் போட்டுக்காட்டி, இங்கே யார் யாருக்குக் கடன்பட்டிருக்கிறார், மறுக்கும் அதிகாரம் யாரிடம் இருக்கிறது என்று மட்டும் கேளுங்கள். சொல்லிவிட்டால் மேசை வழி. உழைப்பை விவரித்துவிட்டு உறவைப் பற்றி ஊகிக்க ஆரம்பித்தால், மாதக்கணக்கில் தங்க முடியுமா என்று பாருங்கள். முடியும் என்றால் வாங் பிங் பக்கம், முடியாது என்றால் கேள்வி கேட்கும் பக்கம். மிஷினைப் பற்றி மட்டும் பேசினால் முக்காலியை எடுத்துக்கொள்ளலாம், ஆனால் படத்தின் தலைப்பில் கூலி என்ற சொல்லைப் போடவேண்டாம்.